நான் மாற்றிய ஜெபக் குறிப்பு

என் அக்கா டாக்டர். சும்மா டாக்டர் இல்லை, மிஷனரி டாக்டர். பெங்களூர் காக்ஸ் டவுனில் எங்கள் தமிழ்ச் சபையில் அந்த 'மிஷனரி' என்ற வார்த்தைக்கு இருந்த மவுசு இருக்கிறதே, அப்பப்பா! அவள் கலெக்டர் ஆகியிருந்தால்கூட அவ்வளவு மரியாதை கிடைத்திருக்காது. நான் தங்கை. பக்கத்து ஸ்கூலில் தமிழ் டீச்சர். "டாக்டரம்மா தங்கச்சிதானே நீங்க?" என்ற கேள்விக்குத் தலையாட்டியே எனக்குப் பாதி வயது போய்விட்டது. இங்கே யாருடைய பெயரையும் எழுதப் போவதில்லை, அவள் போன நாட்டின் பெயரையும்தான். சபையில் எல்லாரும் அதை வெறுமனே 'ஆப்பிரிக்கா' என்றுதான் சொன்னார்கள், ஏதோ ஃப்ரேசர் டவுனுக்கு அடுத்த ஸ்டாப் மாதிரி.

தொண்ணூற்றிரண்டு ஆரம்பத்தில் கிளம்பினாள். காவிரிக் கலவரம் ஓய்ந்து ஒரு மாதம் ஆகியிருக்கும். அப்பா அதற்கு முன்பே போய்விட்டார். வீட்டில் அம்மா, அக்கா, நான், மூன்று பேர்தான். "இங்கயே பஸ்ல தமிழ் பேச பயமா இருக்கு. நீ அங்க போய் சண்டைக்கு நடுவுல என்னடி பண்ணப் போறே?" என்று அம்மா கத்தினாள். அக்கா அதெல்லாம் கேட்கிற ரகமா? பெட்டியில் இரண்டு புடவை, மீதி பூரா அறுவை சிகிச்சைப் புத்தகம்.

எங்கள் சபையில் ஒரு வழக்கம் உண்டு. ஊழியத்துக்குப் போகிறவர்களைப் பலிபீடத்தின் முன்னால் முழங்காலில் நிற்க வைத்து, பாஸ்டரும் மூப்பர்களும் தலையில் கை வைத்து ஜெபித்து அனுப்புவார்கள். அக்காவுக்கும் அப்படித்தான் செய்தார்கள். எழுந்து மைக்கைப் பிடித்தவள் சொன்னாள்: "நீங்க அனுப்பி நான் போறேன். நீங்க கூப்பிட்டா வருவேன். என் இஷ்டத்துக்கு ஓடி வரமாட்டேன்." சபையே "ஆமென்" என்றது. அவளை வேலைக்கு எடுத்த மிஷன் ஆபீஸ், எப்போது வேண்டுமானாலும் திரும்பலாம் என்று எழுத்திலேயே கொடுத்திருந்தது. அந்தக் காகிதத்தை அவள் மதிக்கவே இல்லை. சபைக்குச் சொன்ன சொல்தான் அவளுக்குச் சொல். பிடிவாதம், வேறென்ன.

மாதம் ஒரு கடிதம் வரும். போர் நடக்கிற ஊரிலிருந்து சின்ன விமானத்தில் பக்கத்து நாட்டுக்கு வந்து, அங்கிருந்து தபாலில் பெங்களூர். மூன்று வாரமும் ஆகும், ஆறு வாரமும் ஆகும், நாலில் ஒன்று தொலைந்தே போகும். ஆங்கிலத்தில் எழுதுவாள், ஏனென்றால் அதே கடிதம் நாலைந்து ஊர்ச் சபைகளுக்கும் போக வேண்டும். எங்கள் சபைக்குத் தமிழில் வேண்டும். அது என் வேலை. நான் தமிழாக்கி, நல்ல கையெழுத்தில் ஒரே பக்கமாக எழுதி, ஜெராக்ஸ் எடுத்து, மாதத்தின் முதல் ஞாயிறு ஆராதனைக்குப் பின்னால் நானே மைக்கில் வாசிப்பேன். கடைசியில் 'ஜெபக் குறிப்புகள்' என்று மூன்று நான்கு வரி இருக்கும். அதைத்தான் சபை அந்த மாதம் முழுக்க வீடு வீடாக ஜெபிக்கும். பிறகு ஒரு பிரதியின் ஓரத்தில் எல்லாரும் கையெழுத்துப் போட்டு, சபை கிளார்க் அதை அக்காவுக்கே தபாலில் அனுப்பிவிடுவார். நாங்கள் உனக்காக ஜெபிக்கிறோம் என்பதற்கு அத்தாட்சி அது. அம்மாவும் போடுவாள், கோணல்மாணலாக, தமிழில்.

சும்மா சொல்லக்கூடாது, அக்கா நன்றாகவே எழுதுவாள். தையல் நூல் தீர்ந்துபோய் மீன் பிடிக்கிற நரம்பைக் கொதிக்க வைத்து வயிற்றைத் தைத்தது. ஆஸ்பத்திரிக் கூரையில் பெரிதாகச் சிலுவை வரைந்து வைத்தார்கள், குண்டு போடாமல் இருக்கட்டும் என்று. விமானக்காரன் அதையே குறிவைத்துப் போட்டதால், பிறகு ஏறித் தேய்த்து அழித்தார்கள். இரண்டு பக்கத்துப் படைக்காரர்களும் வாசலில் மாமரத்தடியில் துப்பாக்கியை வைத்துவிட்டுத்தான் உள்ளே வரலாம் என்பது அவள் போட்ட சட்டம். ஐந்தடி இரண்டங்குலம் இருக்கிற பொம்பளை அவர்களை மிரட்டியிருக்கிறாள் பாருங்கள்! நான் அதை வாசிக்கும்போது சபையே மூச்சை அடக்கிக்கொண்டு கேட்கும். அம்மா முதல் வரிசையில் உட்கார்ந்து முந்தானையால் கண்ணைத் துடைப்பாள். "பொண்ணுக்குக் கல்யாணம் பண்ணாம காட்டுக்கு அனுப்பிட்டா" என்று பேசின அதே வாய்கள் பிறகு அம்மாவுக்கு நாற்காலி இழுத்துப் போட்டன.

எனக்குப் பெருமை இருந்தது. கடுப்பும் இருந்தது. அதையும் சொல்லிவிடுகிறேன். அவள் கடவுளுக்கு ஊழியம் செய்தாள்; அம்மாவின் சர்க்கரை மாத்திரை, சிறுநீர்ப் பரிசோதனை, முழங்கால் எண்ணெய், அழுகை, எல்லாம் என் தலையில். நான் எது செய்தாலும் அம்மாவுக்கு ஒரு குறை. "அவளா இருந்தா இப்படி எரிஞ்சு விழமாட்டா" என்பாள். அவள் இருந்தால்தானே!

தொண்ணூற்றேழில் அந்தக் கடிதம் வந்தது. ஒரு சனிக்கிழமை மத்தியானம். மறுநாள் முதல் ஞாயிறு, அதுவும் மிஷனரி ஞாயிறு. வெளியூரிலிருந்து பெரிய போதகர் ஒருவர் வருகிறார். அம்மாவை மேடைக்குக் கூப்பிட்டுச் சால்வை போடப் போகிறார்கள். அம்மா காலையிலிருந்தே பட்டுப் புடவையை எடுத்து வைப்பதும் மடிப்பதுமாக இருந்தாள். இனிப்பு சாப்பிட்டதற்கு நான் திட்டினேன். பதிலுக்கு அவள் அந்தப் பழைய பல்லவியைப் பாடினாள். அந்தச் சூட்டோடுதான் கவரைப் பிரித்தேன்.

கடிதம் அரைப் பக்கம்தான். சண்டை எட்டு மைலுக்கு வந்துவிட்டது என்று ஆரம்பித்தது. கடைசியில் ஒரே ஒரு ஜெபக் குறிப்பு. அவள் எழுதியதை அப்படியே தமிழில் சொன்னால் இதுதான்: "எனக்குத் தைரியம் போய்விட்டது. கத்தியை எடுத்தால் கை நடுங்குகிறது. இப்படிப்பட்ட கையால் யாருக்கும் பிரயோஜனம் இல்லை. நீங்கள்தான் கை வைத்து அனுப்பினீர்கள், நீங்களே கூப்பிடுங்கள். சபை 'வா' என்று சொன்னால் அடுத்த விமானத்தில் வந்துவிடுவேன். நான் வீட்டுக்கு வர வேண்டும் என்று ஜெபியுங்கள்."

மூன்று தடவை படித்தேன். நியாயமாக அந்த நிமிஷமே அம்மாவிடம் சொல்லி, பாஸ்டர் வீட்டுக்கு ஓடியிருக்க வேண்டும். நான் என்ன செய்தேன் தெரியுமா? உட்கார்ந்து யோசித்தேன். நாளைக்குச் சால்வை போடுகிற நேரத்தில் இதை வாசித்தால் அம்மா முகத்தை எங்கே வைத்துக்கொள்வாள் என்று யோசித்தேன். 'டாக்டரம்மா பயந்துட்டாங்களாம்' என்று வாசலில் பேசுவார்களே என்று யோசித்தேன். அதற்கும் கீழே இன்னொன்று இருந்தது. வந்தால் இந்த வீட்டில் அவள்தான் ராணி, ஐந்து வருஷம் பீ மூத்திரம் அள்ளினவள் மறுபடியும் 'தங்கச்சி' ஆகிவிடுவேன். இதை எழுதவே கை கூசுகிறது. ஆனால் அதுதான் உண்மை.

பேனாவை எடுத்து எழுதினேன்: "போர் நெருங்கிவரும் இந்நாட்களில், நம் சகோதரி பயமின்றி, கலங்காமல், அழைக்கப்பட்ட ஊழியத்தில் நிலைத்திருக்க ஜெபியுங்கள்." நல்ல தமிழ். ஒரு பிழை கிடையாது. ஞாயிற்றுக்கிழமை அதை மைக்கில் வாசித்தேன். முந்நூறு பேர் கண்ணை மூடி, என் அக்கா அங்கேயே இருக்க வேண்டும் என்று ஜெபித்தார்கள். அம்மா சால்வையோடு நின்றிருந்தாள்.

கையெழுத்துப் போட்டு அனுப்புகிற அந்தப் பிரதி அன்றைய அமளியில் என் ஞாபகத்திலேயே இல்லை. திங்கட்கிழமை ஏழாம் வகுப்பில் கட்டுரை நோட்டு திருத்தும்போதுதான் பொறி தட்டியது. அக்காவுக்குத் தமிழ் படிக்கத் தெரியாதா என்ன? மத்தியான இடைவேளையில் சபை ஆபீசுக்கு ஓடினேன். "காலையிலேயே போஸ்ட் பண்ணிட்டேன் டீச்சர்" என்றார் கிளார்க். எப்போதும் பத்து நாள் இழுக்கிற மனுஷன், அன்றைக்குப் பார்த்தா சுறுசுறுப்பு வரவேண்டும்? தொலைந்துபோகிற கடிதங்களில் இதுவும் ஒன்றாக இருக்கட்டும் என்று ஜெபித்தேன். வெட்கம் கெட்ட ஜெபம். பதிலுக்கு நானே ஒரு கடிதம் எழுதி உண்மையைச் சொல்லியிருக்கலாம். எழுத உட்கார்ந்தேன், கிழித்தேன். அப்படி மூன்று தடவை.

இரண்டு மாதம் கழித்து ரேடியோவில் அந்த ஊரின் பெயரைச் சொன்னார்கள். அதுவரை எந்தச் செய்தியிலும் வராத ஊர். பிடித்துவிட்டார்களாம், ஆஸ்பத்திரி எரிகிறதாம். மிஷன் ஆபீசுக்கு ஐ.எஸ்.டி. பூத்திலிருந்து போன் செய்தால், "இன்னும் தொடர்பு கிடைக்கவில்லை" என்ற ஒரே பதில். ஒரு வாரம், இரண்டு வாரம். அம்மா சாப்பிடுவதை நிறுத்தினாள். நான் வகுப்பில் நின்று செய்யுள் நடத்திக்கொண்டிருப்பேன், நடுவில் அடுத்த வரி வராது. அக்காவை நான்தான் கொன்றேன் என்று உள்ளே ஒரு குரல் ஓயாமல் சொல்லிக்கொண்டே இருந்தது.

தாங்க முடியாமல் ஒரு சாயங்காலம் பாஸ்டர் வீட்டுக்குப் போனேன். அக்காவின் கடிதத்தையும் நான் எழுதியதையும் மேஜையில் பக்கத்தில் பக்கத்தில் வைத்தேன். அவர் கண்ணாடியைப் போட்டு இரண்டையும் படித்தார். திட்டுவார் என்று நினைத்தேன். திட்டியிருந்தால் பரவாயில்லை.

"முந்நூறு பேரைத் தப்பான ஜெபம் பண்ண வச்சிட்டீங்களேம்மா" என்றார்.

அழுதேன். "அம்மாவுக்குத் தெரிய வேண்டாம் பாஸ்டர்" என்று கையெடுத்துக் கும்பிட்டேன். அவர் அன்றைக்கே மூப்பர்களைக் கூட்டி, என் பெயரை இழுக்காமல், "சபை உங்களை அழைக்கிறது, வந்துவிடுங்கள்" என்று மிஷன் ஆபீசுக்கு ஃபேக்ஸ் அனுப்பினார். இன்னும் மூன்று வாரம் நரகம். பிறகு பதில் வந்தது. தப்பித்து, ஆற்றுக்கு அந்தப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் நோயாளிகளோடு இருக்கிறாளாம். கூடவே அவள் சொல்லி அனுப்பிய இரண்டு வரி: "சபையின் ஜெபம் எனக்கு முன்பே கிடைத்துவிட்டது. அதன்படியே இருக்கிறேன்."

அந்தப் பிரதி மட்டும் ஒழுங்காகப் போய்ச் சேர்ந்திருக்கிறது! சபையில் ஸ்தோத்திரம் சொன்னார்கள். என்ன விசுவாசம், கூப்பிட்டும் வரவில்லை பார் என்றார்கள். பாஸ்டர் மட்டும் என்னைப் பார்த்தார். "நீங்களே உண்மையை எழுதிடுங்க. நான் எழுதினா அது நல்லா இருக்காது" என்றார். சரி என்றேன். எழுதவில்லை. அவள் உயிரோடு இருக்கிறாள் என்ற நிம்மதியிலேயே என் வீரம் முடிந்துவிட்டது. அடுத்த மாதம் மறுபடி அவள் கடிதம் வந்தது, ஒரு வரி விடாமல் மொழிபெயர்த்தேன். தைரியம் இல்லை என்று அவள் அதற்குப் பிறகு ஒருபோதும் எழுதவில்லை.

தொண்ணூற்றொன்பதில் அம்மாவின் சிறுநீரகம் இரண்டும் படுத்துவிட்டன. ஆஸ்பத்திரியில் பத்து நாள். அக்காவுக்குச் செய்தி போனது. விமானம் இறங்குகிற திடலில் கண்ணிவெடி வைத்திருக்கிறார்கள், ஒரு மாதத்துக்கு யாரும் போகவோ வரவோ முடியாது என்று மிஷன் ஆபீஸ் சொன்னது. ஏழாம் நாள் காலையில் அம்மா தெளிவாக இருந்தாள். நான் இட்லியை மோரில் கரைத்து ஸ்பூனால் ஊட்டிக்கொண்டிருந்தேன்.

"அவ எப்பவாவது வரேன்னு எழுதினாளாடி?" என்று கேட்டாள். "நீதானே எல்லாத்தையும் படிக்கிற. எனக்கு இங்கிலீஷ் தெரியாது. நீ சொல்லு."

"இல்லம்மா" என்றேன்.

அம்மா ஸ்பூனைத் தள்ளிவிட்டாள். பிறகு என்னைத் திட்டுகிற அதே குரலில் சொன்னாள்: "கேட்டிருந்தா வந்துடுன்னுதான் சொல்லியிருப்பேன். சபையாவது சால்வையாவது. என் பொண்ணு எனக்கு வேணும். நீங்க எல்லாரும் ஜெபம் பண்ணும்போது நான் அதைத்தான் ஆண்டவர்கிட்ட கேட்டுக்கிட்டிருந்தேன்."

ஸ்பூன் என் கையிலேயே இருந்தது. இத்தனை வருஷம் அம்மாவின் கௌரவம் கௌரவம் என்று நான் கட்டிக் காத்தேனே, அது யாருடைய கௌரவம்? மூன்று நாள் கழித்து அம்மா போய்விட்டாள். கல்பள்ளிக் கல்லறையில் அப்பாவுக்குப் பக்கத்தில் வைத்தோம். அந்த மூன்று நாளில் ஒரு தடவையாவது "நான் பொய் சொன்னேம்மா" என்று அவள் காதில் சொல்லியிருக்கலாம். அதுவும் இல்லை.

இரண்டாயிரத்தொன்றில், அந்த நாட்டில் சண்டை நிறுத்தம் வந்த பிறகு, அக்கா வந்தாள். ஏர்போர்ட்டில் எனக்கு அடையாளமே தெரியவில்லை. முடி பூரா வெள்ளை, கழுத்தெலும்பு துருத்திக்கொண்டு நிற்கிறது, நடை மட்டும் பழைய நடை. சபை மேளமில்லாத குறையாக வரவேற்றது. மாலை, பொன்னாடை, கேக். சாட்சி சொல்லச் சொன்னார்கள். "பெருசா ஒண்ணும் இல்ல. வேலை இருந்துச்சு, செஞ்சேன்" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிட்டாள். சனங்களுக்கு ஏமாற்றம்.

வீட்டில் முதல் ஒரு வாரம் ரொம்ப மரியாதையாக இருந்தாள். அதுதான் என்னைக் கொன்றது. "இந்த டம்ளரை எடுத்துக்கலாமா?" என்று கேட்பாள். தன் துணியை ஓரமாக மடித்து வைப்பாள். வேறொருத்தர் வீட்டுக்கு விருந்தாளியாக வந்தவள் மாதிரி. அம்மாவின் அறையைக் கொடுத்தேன், வேண்டாம் என்று ஹாலில் படுத்தாள்.

எட்டாம் நாள், பள்ளிக்கு லீவு. சமையலறையில் இரண்டு பேரும் அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தோம். இனியும் சொல்லாவிட்டால் நான் மனுஷியே இல்லை என்று தோன்றியது. "அக்கா, தொண்ணூத்தியேழுல நீ ஒரு லெட்டர் எழுதினே. வீட்டுக்கு வரணும்னு. அதை நான்..."

"மாத்திட்டே. தெரியும்" என்றாள். நறுக்குவதை நிறுத்தவில்லை. "நான் எழுதினது எனக்குத் தெரியாதாடி? பேப்பரைப் பார்த்ததுமே தெரிஞ்சுது. முதல்ல கோவம் வந்துச்சு. அப்புறம், சரி, வீட்டுல பேசி முடிவு பண்ணியிருக்காங்கன்னு நினைச்சேன். கீழ அம்மா கையெழுத்து வேற இருந்துச்சா. அம்மாவே வேணாம்னு சொல்லிட்டாங்க, இனிமே அங்க எனக்கு என்ன இருக்குன்னு இருந்துட்டேன். ஃபேக்ஸ் வந்தப்போகூட, அது சபை கூப்பிடுது, அம்மா கூப்பிடலையேன்னுதான் தோணிச்சு."

அவள் கோபப்படாமல் சொன்னாள். ஏதோ பழைய நோயாளியின் கேஸைச் சொல்கிற மாதிரி. நான் எழுந்து தொட்டிப் பக்கம் திரும்பிக்கொண்டேன். குழாயைப் பார்த்துக்கொண்டே, "நீ வரணும்னு எழுதினது அம்மாவுக்குத் தெரியவே தெரியாது. சாகறதுக்கு முன்னாடி அம்மா உன்னைப் பத்திக் கேட்டாங்க" என்றேன்.

திரும்பிப் பார்த்தேன். அவள் காயைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஏதாவது சொன்னியா?" என்று நிமிர்ந்தாள். "இந்தக் காது போயிடுச்சு, குண்டு விழுந்ததுல. இந்தப் பக்கம் வந்து சொல்லு."

சத்தியமாகச் சொல்கிறேன், 'ஒண்ணும் இல்ல, குழம்புக்குப் புளி போதுமான்னு கேட்டேன்' என்ற வாக்கியம் நாக்கு நுனிவரை வந்தது. அவ்வளவு சுலபமாக வந்தது. நாலு வருஷம்தான் அவள் அங்கே கூடுதலாக இருந்தாள் என்று நினைத்திருந்தேன். இல்லை. அத்தனை நாளும் பெற்ற தாயே வேண்டாமென்று தள்ளிவிட்ட பெண்ணாக இருந்திருக்கிறாள். இப்போது வாயை மூடிக்கொண்டால் கடைசிவரை அப்படியே இருப்பாள்.

மேஜையைச் சுற்றி அந்தப் பக்கம் போனேன். அவள் நல்ல காதுக்குப் பக்கத்தில் முக்காலியைப் போட்டு உட்கார்ந்து முழுசாகச் சொன்னேன். அம்மா கேட்ட கேள்வியை, நான் சொன்ன பொய்யை, அதற்கு அம்மா சொன்னதை. அம்மா சொன்னதில் ஒரு வார்த்தை கூட்டவில்லை, ஒரு வார்த்தை குறைக்கவில்லை.

அக்கா கத்தியைக் கீழே வைத்தாள்.

"அம்மா சொன்னதை மட்டும் இன்னொரு தடவ சொல்லு."

சொன்னேன்.

"அழுதுக்கிட்டே சொன்னாங்களா?"

"இல்ல. கோவமா. என்னைத் திட்டுவாங்களே, அதே மாதிரி."

"அப்ப நிஜமாத்தான் சொல்லியிருக்காங்க" என்றாள். பிறகு அந்த நடுக்கமில்லாத இரண்டு கைகளாலும் முகத்தை மூடிக்கொண்டு, எனக்குத் தெரிந்து முதல் தடவையாக, வாய்விட்டு அழுதாள். நான் தோளில் கை வைத்தேன். தட்டிவிட்டாள்.

"எனக்கு வீடு இருந்திருக்குடி" என்றாள்.